பொருளும் பொருளும்: தொடக்ககால மௌனக் குறும்படங்களில் குறியீடு

இரவு நேரத்தில் ஒரு சிறுமி வீட்டிலிருந்து ஓசைப்படாமல் தோட்டத்துக்கு வருகிறாள். உதிர்ந்து கிடக்கும் இலைகளைப் பொறுக்கி, நூலால் ஒவ்வொன்றாக மரக்கிளையில் கட்டத் தொடங்குகிறாள். 1912ஆம் ஆண்டில் ஆலிஸ் கீ-பிளாஷே இயக்கிய ‘ஃபாலிங் லீவ்ஸ்’ (உதிரும் இலைகள்) என்ற படத்தில் வரும் காட்சி இது. சுமார் 12 நிமிடம் மட்டுமே ஓடும் அந்தப் படத்தில், சிறுமியின் அக்கா காசநோயால் படுத்த படுக்கையாக இருக்கிறாள். நோயாளியைப் பார்த்துவிட்டுப் போகும் மருத்துவர், கடைசி இலை விழும்போது இந்தப் பெண்ணும் இருக்கமாட்டாள் என்று சொல்லியிருக்கிறார். இலையுதிர் காலம் முடிவதற்குள் உயிர் போய்விடும் என்பதைத்தான் அவர் அப்படிச் சுற்றி வளைத்துச் சொன்னார். தங்கைக்கு அந்தச் சுற்றிவளைப்பு புரியவில்லை. இலை விழாமல் பார்த்துக்கொண்டால் அக்கா பிழைத்துவிடுவாள் என்று அவள் எடுத்துக்கொண்டாள்.

மௌனப் படங்கள் குறியீட்டை எப்படிக் கையாண்டன என்று முதன்முதலாக அறிய விரும்புகிறவர், இந்தக் காட்சியிலிருந்து தொடங்குவது நல்லது என்பது என் எண்ணம். மருத்துவர் வாய்ச்சொல்லால் ஓர் உருவகத்தைச் சொன்னார். சிறுமி அதையே கையால் செய்து காட்டினாள். ஒலி இல்லாத திரைப்படத்தின் நிலையும் அந்தச் சிறுமியின் நிலைதான். ‘அவள் வாழ்க்கை இலைபோல் உதிர்ந்துகொண்டிருக்கிறது’ என்று ஒரு கவிஞர் ஒரே வரியில் எழுதிவிட்டுப் போகலாம். படம் எடுக்கிறவருக்கு அந்த ‘போல்’ கிடைக்காது. அவர் உண்மையான மரத்தையும் உண்மையான இலையையும் காமிராவுக்கு முன் கொண்டுவந்து நிறுத்த வேண்டும். யாராவது அந்த இலையைக் கொண்டு எதையாவது செய்ய வேண்டும். அந்தச் செயலைப் பார்க்கும்போதுதான் இலை வெறும் இலையாக இல்லாமல் ஓர் உயிரின் அளவுகோலாக நமக்குத் தெரியத் தொடங்கும்.

தமிழில் ‘பொருள்’ என்ற சொல் ஒரு பண்டத்தையும் குறிக்கிறது, அந்தப் பண்டம் உணர்த்தும் அர்த்தத்தையும் குறிக்கிறது, செல்வத்தையும் குறிக்கிறது. இந்தக் கட்டுரைக்கு இதைவிட வசதியான சொல் வேறில்லை. குறியீடு என்றால், கண்ணுக்குத் தெரியும் ஒரு பொருள் தன் இயல்பை இழக்காமலே இன்னொரு பொருளையும் உணர்த்துவது. காட்சிவழிக் கதைசொல்லல் என்றால், யார், எங்கே, எதற்காக, அடுத்து என்ன என்பவற்றைச் சொற்களின் துணையின்றி, அல்லது மிகக் குறைந்த துணையோடு, படச்சட்டகத்துக்குள் தெரிகிறவற்றைக் கொண்டே புரியவைப்பது. இரண்டும் ஒன்றல்ல என்றாலும், தொடக்ககாலக் குறும்படங்களில் ஒன்றிலிருந்துதான் மற்றொன்று முளைத்தது.

நம் சங்க அகப்பாடல்களைப் படித்தவர்களுக்கு இது முற்றிலும் புதிய கருத்தாக இருக்காது. மருத நிலத்துப் பொய்கையில் எருமை தாமரையை மேய்கிறது என்று ஒரு பாடல் சொல்லும்போது, பரத்தையிடம் போய்வரும் தலைவனின் நடத்தை அதற்குள் உறைந்திருக்கிறது. உரையாசிரியர்கள் அதை உள்ளுறை என்றார்கள். ஆனால் அந்தப் பாடலில் எருமை எருமையாகவும்தான் இருக்கிறது. பொய்கையும் தாமரையும் அந்த ஊரில் உண்மையில் இருப்பவைதாம். இந்த இரட்டை நிலையை நினைவில் வைத்துக்கொண்டால், பழைய படங்களில் குறியீட்டைத் தேடுகிறவர்கள் செய்யும் முதல் தவறான, ஒவ்வொரு நாற்காலிக்கும் தொப்பிக்கும் மறைபொருள் கற்பிக்கும் பழக்கத்திலிருந்து தப்பிக்கலாம்.

இந்தப் படங்கள் ஏன் இவ்வளவு குறுகியவை என்பதையும் சுருக்கமாகச் சொல்லிவிட வேண்டும். 1895 டிசம்பர் 28 அன்று பாரிஸின் கிராண்ட் கஃபேயில் லூமியே சகோதரர்கள் கட்டணம் வாங்கிக்கொண்டு காட்டிய 10 படங்களும் தலா ஒரு நிமிடத்துக்குள் முடிபவை. காமிராவுக்குள் செல்லும் சுருளின் நீளமே ஏறத்தாழ 17 மீட்டர்தான். 1910ஐ ஒட்டிய ஆண்டுகளில், 1,000 அடி கொண்ட ஒரு சுருளே ஒரு முழுப் படம் என்பது வழக்கமாக இருந்தது. அது ஓடும் வேகத்தைப் பொறுத்துப் பத்து முதல் பதினைந்து நிமிடம் வரை நீளும். இசைக்கருவி வாசிப்பவரோ, பக்கத்தில் நின்று விளக்கிச் சொல்பவரோ சில இடங்களில் இருந்தார்கள். ஆனால் படத்தை எடுத்தவருக்கு, அது எந்த ஊரில், எந்த மொழிக்காரர் முன்னால் ஓடப்போகிறது என்று தெரியாது. 1905இல் ரயில்வே ஊழியரான சாமிக்கண்ணு வின்சென்ட், டுபான்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடமிருந்து படக்கருவியையும் சில படச்சுருள்களையும் வாங்கி, திருச்சியில் தொடங்கி ஊர் ஊராகக் கூடாரமடித்துக் காட்டியபோது, பிரெஞ்சு ஒரு சொல்லும் அறியாத கூட்டம் அவற்றைப் பார்த்தது. அப்படிப்பட்ட பயணத்தைத் தாங்க வேண்டுமானால், கதை படத்திலேயே தெரிந்தாக வேண்டும்.

முதல் பாடத்தை லூமியே படங்களில் ஒன்றான ‘தண்ணீர் ஊற்றியவன் நனைந்த கதை’யில் பார்க்கலாம். ஒரு தோட்டக்காரர் ரப்பர் குழாயால் செடிகளுக்குத் தண்ணீர் விடுகிறார். பின்னால் வந்த ஒரு பையன் குழாயை மிதிக்கிறான். தண்ணீர் நின்றுவிட, தோட்டக்காரர் குழாயின் வாயை முகத்துக்கு நேரே பிடித்து உற்றுப் பார்க்கிறார். பையன் காலை எடுக்கிறான். இதற்கு எந்த விளக்கமும் தேவையில்லை. ஏனெனில் காரணமும் விளைவும் ஒரே சட்டகத்துக்குள் இருக்கின்றன, அவற்றை இணைக்கும் குழாயும் கண்ணுக்குத் தெரிகிறது. தோட்டக்காரருக்குத் தெரியாதது நமக்குத் தெரிகிறது என்பதில்தான் சிரிப்பு பிறக்கிறது. இதைவிட எனக்குப் பிடித்தது அடுத்து நடப்பது. ஓடும் பையனைத் துரத்திப் பிடித்த தோட்டக்காரர், பிடித்த இடத்திலேயே அடிக்காமல், அவனைக் காமிராவுக்கு முன்னால் இழுத்துவந்து அடிக்கிறார். தோட்டத்தில் நிற்கும் மனிதருக்கு அப்படிச் செய்ய ஒரு காரணமும் இல்லை. பார்வையாளர் ஒருவர் இருக்கிறார் என்று அறிந்த நடிகருக்குத்தான் காரணம் உண்டு. சட்டகத்துக்குள் நடந்தால்தான் நடந்ததாகக் கணக்கு என்ற விதி அங்கேயே வந்துவிட்டது.

எல்லாவற்றையும் ஒரே சட்டகத்துக்குள் வைத்தால், எதைப் பார்ப்பது என்பதைப் பார்வையாளரே தேடிக்கொள்ள வேண்டும். இங்கிலாந்தின் பிரைட்டன் பகுதியில் படமெடுத்த ஜி. ஏ. ஸ்மித், 1900இல் ‘பாட்டியின் வாசிப்புக் கண்ணாடி’ என்ற படத்தில் இதற்கு எளிய வழி ஒன்றைக் கண்டார். பேரன் பாட்டியின் பூதக்கண்ணாடியை எடுத்து ஒவ்வொன்றாகப் பார்க்கிறான். அவன் பார்ப்பதெல்லாம், அதாவது செய்தித்தாள், கடிகாரத்தின் உள்பகுதி, கூண்டுப் பறவை, பாட்டியின் கண், பூனைக்குட்டியின் தலை ஆகியவை, கறுப்பு வட்டத்துக்குள் திரை நிறையப் பெரிதாகத் தெரிகின்றன. இன்று க்ளோஸ்-அப் என்று சாதாரணமாகச் சொல்வதை அன்று மக்களுக்கு அறிமுகப்படுத்த, கதைக்குள்ளேயே ஒரு லென்ஸ் தேவைப்பட்டது. பொருள் திடீரென்று ஏன் பெரிதாயிற்று என்ற கேள்விக்குப் பூதக்கண்ணாடி விடை சொன்னது. சில ஆண்டுகளில் அந்தக் கறுப்பு வட்டமும் தேவையற்றதாகி, பெரிதாக்கிக் காட்டினால் அது முக்கியமானது என்பதைப் பார்வையாளர் தாமே கற்றுக்கொண்டார். குறியீடு பிறப்பதற்கு இந்தப் பழக்கம் அடிப்படை. கூட்டத்தில் ஒன்றாகக் கிடந்த பொருளை, இதைப் பார் என்று பிரித்தெடுத்துக் காட்ட முடிந்த பிறகுதான், அதற்கு இரண்டாவது பொருளை ஏற்ற முடியும்.

இதற்கு முற்றிலும் மாறான வழியில் போனவர் ஜார்ஜ் மெலியே. பாரிஸில் ஒரு மாயவித்தை அரங்கை நடத்திய அவர், கிராண்ட் கஃபேயில் நடந்த முதல் காட்சியைப் பார்த்தவர்களில் ஒருவர். அவர் காமிராவை அரங்கில் நடு வரிசை இருக்கையில் அமர்ந்தவரைப்போல அசையாமல் வைத்துவிட்டு, எதிரிலுள்ள மேடையை ஓவியத் திரைகளாலும் தந்திரங்களாலும் நிரப்பினார். 1902இல் வந்த ‘நிலவுக்குப் பயணம்’ படத்தில், பீரங்கியிலிருந்து சுடப்பட்ட குண்டு வடிவ ஓடம் நிலவின் கண்ணில் போய்ச் செருகி நிற்கும் காட்சியைப் படத்தைப் பார்க்காதவர்களும் அறிவார்கள். நிலவு நெருங்கி வருவதுபோல் காட்ட அவர் காமிராவை நகர்த்தவில்லை. நிலவாக வேடமிட்டவர் அமர்ந்த இருக்கையைத்தான் காமிராவை நோக்கி நகர்த்தினார். கண்ணில் ஓடம் செருகிய பிறகு, அடுத்த காட்சியில் அதே ஓடம் நிலவின் தரையில் மறுபடி வந்து இறங்குகிறது. ஒரே நிகழ்ச்சி இரண்டு முறை நடக்கிறது என்று இன்றைய பார்வையாளர் குழம்புவார். முதலாவது, நிலவுக்கு என்ன நேர்ந்தது என்பது. இரண்டாவது, பயணிகளுக்கு என்ன நேர்ந்தது என்பது. காலவரிசையைவிடக் காட்சியின் முழுமையே அவருக்குப் பெரிதாக இருந்தது.

அந்தப் படத்தில் குடையைக் கவனியுங்கள். நிலவுக்குப் போகும் அறிவியலாளர்கள் விண்வெளி உடை எதுவும் அணியவில்லை. ஊர்வலம் போகும் பாரிஸ் கனவான்களைப்போலக் கோட்டும் தொப்பியும் குடையுமாக இறங்குகிறார்கள். நிலவின் குகையில் ஒருவர் தம் குடையை ஊன்ற, அது வேர்பிடித்துக் காளானாக வளர்கிறது. நிலவுவாசி ஒருவன் எதிர்ப்பட்டதும் குடையால் ஓங்கி அடிக்கிறார்; அவன் புகையாக வெடித்து மறைகிறான். கடைசியில் சிறைபிடித்து வந்த நிலவுவாசியைக் கயிற்றில் கட்டிக் கூட்டத்தின் முன் ஆடவைக்கிறார்கள். படத்தின் தொடக்கத்தில் இதே அறிஞர்கள் நட்சத்திரம் பொறித்த மந்திரவாதி அங்கிகளோடு ஒருவர்மேல் ஒருவர் காகிதங்களை வீசிச் சண்டையிட்டதை நினைத்துக்கொண்டால், இது வெறும் அதிசயக் கதைதானா, அல்லது பிறர் நாட்டில் குடையை ஊன்றிவிட்டு அங்கிருப்பவர்களை அடித்துப் பிடித்துவந்த அக்கால ஐரோப்பியரைப் பற்றிய கேலியா என்ற கேள்வி எழும். நான் கேலி என்றே படிக்கிறேன். அதற்கு ஆதாரம் படத்தில் ஒரே பொருளுக்கு அடுத்தடுத்து வாய்க்கும் வேலைகளில்தான் இருக்கிறது. முதலில் அது கனவானின் அணிகலன், பிறகு நிலத்தில் ஊன்றும் கொடி, பிறகு ஆயுதம்.

மனத்துக்குள் நடப்பதைக் காட்டுவது எப்படி என்பது வேறொரு சிக்கல். நாவலாசிரியர் ‘அவன் நினைத்தான்’ என்று எழுதிவிடுவார். 1898இல் ஸ்மித் எடுத்த கிறிஸ்துமஸ் தாத்தா படமொன்றில், குழந்தைகள் உறங்கும் அறையின் இருண்ட சுவரில் ஒரு வட்டம் தோன்றி, அதற்குள் கூரைமேல் இறங்கும் தாத்தா தெரிகிறார். அமெரிக்காவில் எட்வின் எஸ். போர்ட்டர் 1903இல் எடுத்த ‘ஓர் அமெரிக்கத் தீயணைப்பாளரின் வாழ்க்கை’ படத்தில், நாற்காலியில் கண்ணயரும் அதிகாரியின் தலைக்கு மேல் ஒரு வட்டத்தில், குழந்தையைப் படுக்கவைக்கும் தாய் தெரிகிறாள். முதல் வட்டம் இன்னோர் இடத்தைக் காட்டுகிறது, இரண்டாம் வட்டம் மனத்தைக் காட்டுகிறது. வடிவம் ஒன்றாக இருந்தும், அது எதைக் குறிக்கிறது என்பதைச் சூழலிலிருந்து பார்வையாளர் பிரித்தறிந்தார். 1913இல் லோயிஸ் வெபரும் அவருடைய கணவர் பிலிப்ஸ் ஸ்மாலியும் எடுத்த ‘சஸ்பென்ஸ்’ என்ற ஒரு சுருள் படத்தில், சட்டகமே முக்கோணங்களாகப் பிரிகிறது: தனித்த வீட்டில் குழந்தையோடு தொலைபேசியில் பேசும் மனைவி, நகரத்தில் மறுமுனையில் கேட்கும் கணவன், வீட்டுக்குள் நுழையும் திருடன் ஆகிய மூவரும் ஒரே நேரத்தில் தெரிகிறார்கள். கணவனும் மனைவியும் ஒரு கம்பியால் மட்டுமே இணைந்திருக்கிறார்கள், திருடன் அவளுக்கு எவ்வளவோ அருகில் இருக்கிறான் என்ற கொடுமையை அந்தக் கோடுகள் சொல்லிவிடுகின்றன. அதே படத்தில், வேலையை விட்டுப் போகும் பணிப்பெண் வாசல் மிதியடிக்கு அடியில் வைத்துவிட்டுப் போகும் சாவியும் உண்டு. நம்பிக்கையோடு வைத்த அந்தச் சாவி, யார் கையில் கிடைக்கிறது என்பதை வைத்து, வேறொரு பொருளாகிவிடுகிறது.

பொருள் கைமாறும்போது அர்த்தம் மாறுவதைப்போலவே, அளவு மாறும்போதும் அர்த்தம் மாறும். அமெரிக்க இயக்குநர் டி. டபிள்யூ. கிரிஃபித் 1911இல் எடுத்த ‘லோன்டேல் ஆபரேட்டர்’ படத்தில், சிறிய ரயில் நிலையத்தின் தந்தி அறையில் தனியாக இருக்கும் இளம்பெண்ணை, அங்கிருக்கும் சம்பளப் பணத்துக்காக இரு திருடர்கள் சூழ்கிறார்கள். அவள் விளக்கை அணைத்துவிட்டு, மங்கிய ஒளியில் பளபளக்கும் எதையோ நீட்டி அவர்களை நிறுத்திவைக்கிறாள். அவர்களைப் போலவே நாமும் அதைத் துப்பாக்கி என்று நினைக்கிறோம். உதவி வந்து சேர்ந்த பிறகு, அவள் கையைக் காமிரா நெருக்கத்தில் காட்டுகிறது: அது ஒரு ஸ்பேனர். பூதக்கண்ணாடிப் படத்தில் வேடிக்கைக்காகப் பெரிதாகிய பொருள், இங்கே கதையின் முடிச்சை அவிழ்க்கிறது. எந்த நேரத்தில் காட்டக்கூடாது என்பதும் கதைசொல்லலின் ஒரு பகுதியாகிவிட்டது.

நிறத்தையும் நடிப்பையும் பற்றிச் சில சொற்கள் போதும். அக்காலப் படச்சுருளுக்குச் சிவப்பு ஒளி ஏறத்தாழத் தெரியாது, நீலம் வெளுத்துத் தெரியும். அதனால்தான் பழைய படங்களில் வானம் வெள்ளைத் தாளாகவும் சிவந்த உதடுகள் கறுப்பாகவும் இருக்கின்றன. இரவில் படமெடுப்பது அரிது என்பதால் பகலில் எடுத்த காட்சியின் பிரதியை நீலச் சாயத்தில் முக்கி இரவாக்கினார்கள். தீக்குச் சிவப்பும், விளக்கொளிக்கு மஞ்சள் சார்ந்த நிறமும் வழக்கில் இருந்தன. இது ஊரறிந்த உடன்படிக்கை; இதில் கண்டுபிடிக்க எதுவும் இல்லை. நெஞ்சில் கை வைத்தால் காதல், நெற்றியில் புறங்கையை வைத்தால் துயரம் என்பன போன்ற மேடை நாடகச் சைகைகளும் அப்படிப்பட்டவையே. இவை பார்வையாளர் அரங்குக்கு வரும்போதே கொண்டுவரும் குறிகள். நமக்கு ஆர்வமூட்ட வேண்டியவை, ஒரு படம் தன் பத்து நிமிடத்துக்குள் தானே உருவாக்கி, தானே அர்த்தம் கற்றுக்கொடுத்து, தானே பயன்படுத்தும் குறியீடுகள்.

அவற்றுக்கு நான் அறிந்த மிக நல்ல எடுத்துக்காட்டு, கிரிஃபித் பயோகிராஃப் நிறுவனத்துக்காக எடுத்து, 1909 டிசம்பரில் வெளிவந்த ‘எ கார்னர் இன் வீட்’. கோதுமை முழுவதையும் ஒருவரே வாங்கிக் குவித்து, சந்தையைத் தம் பிடிக்குள் கொண்டுவரும் பதுக்கல் வணிகத்தைத்தான் தலைப்பு குறிக்கிறது. ஃபிராங்க் நாரிஸ் என்ற அமெரிக்க எழுத்தாளரின் கதைகள் இதற்குத் தூண்டுதல். ஒளிப்பதிவு பில்லி பிட்சர். பின்னாளில் இனவெறியைப் போற்றும் நீண்ட படமொன்றை எடுத்துத் தீராத அவப்பெயரைத் தேடிக்கொண்ட அதே கிரிஃபித்தான் ஏழைகளின் பக்கம் நிற்கும் இந்தப் படத்தையும் எடுத்தார் என்பது, காட்சிமொழி யாருக்கும் ஊழியம் செய்யும் என்பதை நினைவூட்டுகிறது.

படம் ஓர் உழவர் குடும்பத்தோடு தொடங்குகிறது. உழவர் விதைக் கோதுமையைக் கையில் அள்ளிப் பார்க்கிறார். பிறகு பரந்த வெற்று வயலில் விதைப்பவர்கள் தொலைவிலிருந்து காமிராவை நோக்கி மெல்ல நடந்து வருகிறார்கள். ஒவ்வோர் அடிக்கும் ஒரு கை விதையை வீசிக்கொண்டே வந்து, திரும்பி, மறுபடி தொலைவுக்குப் போகிறார்கள். கிரிஃபித் அவசரப்படவில்லை. அந்த நடை முழுவதையும் நம்மைப் பார்க்கவைக்கிறார். பிரெஞ்சு ஓவியர் மில்லேயின் விதைக்கும் உழவர் ஓவியம் அன்று அமெரிக்காவில் அச்சுப் பிரதிகளாக வீடுகளில் தொங்கியது. அந்தச் சாயல் இங்கே தெளிவாகத் தெரிகிறது. அடுத்து வருவது ‘கோதுமை மன்னன்’ என்று அழைக்கப்படும் வணிகனின் அலுவலகமும், பிறகு ஏலக் கூச்சலில் ஒருவர்மேல் ஒருவர் விழுந்து புரளும் கோதுமைச் சந்தையும். வயலில் இருவர் மூவருக்குச் சட்டகம் முழுவதும் இடமிருந்தது. சந்தையில் மூச்சுவிட இடமில்லை. வயலில் தானியம் இருந்தது. சந்தையில் தானியம் கண்ணில் படவே இல்லை, கைகள் மட்டுமே இருக்கின்றன. கோதுமை பண்டம் என்ற பொருளிலிருந்து பணம் என்ற பொருளாக மாறிவிட்டதை இதைவிடக் கச்சிதமாகக் காட்ட முடியுமா என்று தெரியவில்லை.

இதன் பிறகு ‘கோதுமையின் பொன்’ என்ற எழுத்தட்டை, அதாவது காட்சிகளுக்கிடையே திரையில் வரும் எழுத்து வாசகம், வருகிறது. மன்னனின் ஆடம்பர விருந்து தெரிகிறது. ‘கோதுமையின் பதர்’ என்ற எழுத்தட்டை வருகிறது. ரொட்டிக் கடை தெரிகிறது. மாவு விலை ஏறியதால் 5 சென்ட் ரொட்டி இனி 10 சென்ட் என்று அங்கே பலகை தொங்குகிறது. குழந்தையோடு வந்த பெண் தன் கையிலிருக்கும் காசு போதாமல் வெறுங்கையோடு திரும்புகிறாள். இந்த இரு இடங்களிலும் உள்ளவர்கள் ஒருவரையொருவர் பார்த்ததே இல்லை. படம் முடியும்வரை பார்க்கப்போவதும் இல்லை. அவர்களை இணைப்பது, ஒரு காட்சியிலிருந்து சட்டென்று இன்னொரு காட்சிக்குத் தாவும் வெட்டு ஒன்றுதான். அன்றைய படங்களில் இப்படி மாறி மாறிக் காட்டுவது பெரும்பாலும் துரத்தலுக்கும் கடைசி நேர மீட்புக்கும்தான் பயன்பட்டது: அங்கே ஆபத்து, இங்கே உதவி, சேருமா சேராதா என்ற பதைப்பு. இங்கே சேர்வதற்கு எதுவும் இல்லை. ஒரு காட்சி இன்னொரு காட்சிக்குக் காரணம் என்பதை மட்டுமே அந்த வெட்டு சொல்கிறது. ரப்பர் குழாயை மிதித்த பையனும் நனைந்த தோட்டக்காரரும் ஒரே சட்டகத்தில் இருந்தார்கள் என்றேன். 14 ஆண்டுகளில், மிதிப்பவர் ஒரு சட்டகத்திலும் தண்ணீர் நின்றுபோனவர்கள் வேறொரு சட்டகத்திலும் இருக்க, இடையே ஓடும் குழாயைப் பார்வையாளரே மனத்தில் வரைந்துகொள்ளும் நிலை வந்துவிட்டது.

விருந்தின் பரபரப்புக்குப் பிறகு ரொட்டிக்காக வரிசையில் நிற்கும் ஏழைகளுக்குக் காட்சி மாறும்போது ஒரு வினோதம் நிகழ்கிறது. யாரும் அசையவில்லை. புகைப்படத்தைப்போல, சிலைகளைப்போல அப்படியே நிற்கிறார்கள். முதன்முறை பார்ப்பவர்கள் படம் நின்றுவிட்டதோ என்று ஐயப்படுவார்கள். உண்மையில் நடிகர்கள்தான் அசையாமல் நிற்கிறார்கள். அசையும் படம் என்ற ஒரே காரணத்துக்காக மக்கள் காசு கொடுத்துப் பார்க்க வந்த ஒரு கலையில், அசைவைப் பறித்துவிட்டுப் பசியைக் காட்டலாம் என்று ஒருவருக்குத் தோன்றியது எனக்கு இன்றும் வியப்பாகவே இருக்கிறது. இங்கே குறியீடாக இருப்பது எந்தப் பண்டமும் அல்ல, அசைவின்மையே.

பிறகு மன்னன் தன் விருந்தினர்களுக்குத் தானியக் கிடங்கைச் சுற்றிக்காட்டுகிறான். உலகக் கோதுமைச் சந்தை முழுவதும் தன் கைக்குள் வந்துவிட்டது என்ற தந்தி அங்கே அவனுக்குக் கிடைக்கிறது. வெற்றியில் கைகளை உயர்த்துகிறான். கால் தவறிக் கிடங்கின் குழிக்குள் விழுகிறான். மேலிருந்து கொட்டும் கோதுமை அவனை மூடுகிறது. தானியத்துக்கு மேலே துழாவும் ஒரு கை மட்டும் கடைசியாகத் தெரிகிறது. நீதிக்கதை போன்ற இந்தத் தண்டனை சற்று வசதியாகவே அமைந்துவிட்டது என்று குறை சொல்ல இடமுண்டு. ஆனால் கையைத் தொடர்ந்து பார்த்தால் அந்தக் குறை தணியும். முதல் காட்சியில் உழவரின் கையிலிருந்து கோதுமை மண்ணில் விழுந்தது; சந்தையில் கைகள் காற்றைப் பிடித்தன; ரொட்டிக் கடையில் ஒரு கை வெறுமையாகத் திரும்பியது; இப்போது கோதுமை மேலிருந்து விழுந்து ஒரு கையைப் புதைக்கிறது. விதைப்பதும் புதைப்பதும் கண்ணுக்கு ஒரே செயலாகத்தான் தெரிகின்றன.

இத்தகைய படத்தைப் பார்க்கும்போது, இந்தப் பொருள் எதைக் குறிக்கிறது என்று எடுத்த எடுப்பில் கேட்காமல், இதை முதலில் எங்கே பார்த்தோம், மறுபடி எங்கே வந்தது, இடையில் என்ன மாறியது என்று கேட்டுப் பழகுவது தொடக்கநிலைப் பார்வையாளருக்கு உதவும். ஒருமுறை மட்டும் வந்து போகும் பொருளைப் பெரும்பாலும் அப்படியே விட்டுவிடலாம். செசில் ஹெப்வொர்த் நிறுவனம் 1905இல் வெளியிட்ட ‘ரோவர் மீட்ட குழந்தை’ படத்தில், திருடப்பட்ட குழந்தையைத் தேடும் நாய் தெருவைக் கடந்து, நீரில் நீந்தி, சேரி வீடுகளின் வரிசையை அடைகிறது. பிறகு அதே இடங்களைத் தலைகீழ் வரிசையில் கடந்து எசமானரை அழைத்துவருகிறது. அங்கே ஆறு எதற்கும் குறியீடல்ல. வழியை நாம் மறக்காமலிருக்க உதவும் அடையாளம். அந்தப் படத்துக்கு இருந்த வரவேற்பால் மூலச் சுருள் தேய்ந்துபோய், முழுப் படத்தையும் மறுபடி எடுக்க நேர்ந்தது. குறியீடு இல்லாமலும் காட்சியால் மட்டும் கதை சொல்ல முடியும் என்பதற்கு அதுவே போதிய சான்று.

இங்கே குறிப்பிட்ட படங்கள் பெரும்பாலும் இணையத்தில் கிடைக்கின்றன. ஆனால் பலவற்றில் பின்னாளில் யாரோ சேர்த்த இசை, எங்கே சிரிக்க வேண்டும், எங்கே கலங்க வேண்டும் என்று முந்திக்கொண்டு சொல்லிவிடும். முதல் முறை ஒலியை நிறுத்திவிட்டுப் பார்ப்பது நல்லது. ‘எ கார்னர் இன் வீட்’ படத்தை அப்படிப் பார்க்கிறவர்கள் கடைசிக் காட்சியில் சற்றுக் கவனமாக இருக்க வேண்டும். மன்னன் இறந்த பிறகு படம் மறுபடி வயலுக்குத் திரும்புகிறது. அதே வயல், அதே நடை, அதே கை வீச்சு. ஆனால் தொடக்கத்தில் இருந்தவர்கள் இப்போது இல்லை. உழவர் ஒருவர் மட்டும் தனியாக விதைத்துக்கொண்டிருக்க, திரை மெல்ல இருள்கிறது.